பெயரே இல்லாத பாத்திரத்தில் பேர் வாங்கியவர்

கே: இந்த வாரம் முழுக்க ஒரே ஒரு போலந்து நடிகை பற்றித்தான் பதில் என்கிறீர்களே, யார் அவர்?

ப: இரேனா க்வியாட்கோவ்ஸ்கா. 1912ல் வார்சாவில் பிறந்தார், 2011ல் 98 வயதில் மறைந்தார். நடுவில் மூன்று தலைமுறையைச் சிரிக்க வைத்தார். கதாநாயகி நாற்காலியை மற்றவர்களுக்கு விட்டுவிட்டு, காட்சியை மட்டும் முந்தானையில் முடிந்துகொண்டு போனவர்.

கே: சிறு வயதிலேயே காமெடிதான் ஆசையா?

ப: சோக நாயகியாகத்தான் ஆசை! வார்சா நாடகக் கல்லூரியில் அவருக்கு வாய்த்த ஆசான் அலெக்சாண்டர் ஸெல்வெரோவிச், மாணவிக்குள் இருந்த சிரிப்பை மாணவிக்கு முன்பே பார்த்துவிட்டார். 1935ல் படிப்பு முடிந்தது. நேரே காபரே மேடை.

கே: காபரேவா? குடும்பத்தோடு பார்க்கலாமா?

ப: பாட்டியையும் கூட்டிப் போகலாம். உடையைக் குறைக்கிற காபரே வேறு. இது எழுத்தாளர்களின் மேடை: பாட்டு, குட்டி நாடகம், ஆட்சிக்கு ஒரு குட்டு. கவிஞர் கவுச்சின்ஸ்கி கற்பனை செய்த ஹெர்மெனெகில்டா என்ற அசட்டுக் கவிதாயினிக்கு, இரண்டாம் உலகப் போருக்குப் பின் க்ராகோவ் நகர மேடையில் உடம்பும் குரலும் கொடுத்தவர் நம் இரேனாதான்.

கே: போர் நடந்தபோது எங்கே இருந்தார்?

ப: வார்சாவிலேயே. 1944ல் ஜெர்மானியரை எதிர்த்து அந்த நகரம் 63 நாள் போராடியதே, அந்த எழுச்சியில் ‘உள்நாட்டுப் படை’ என்ற ரகசியப் போராளிப் படையில் நின்றார். சிரிக்க வைப்பவர்களை லேசாக எடை போடாதீர்கள்.

கே: பாடுவாராமே?

ப: பாடுவார் என்பதைவிட, பாட்டை நடிப்பார். 1958 முதல் 1966 வரை போலந்து டிவியில் வந்த ‘முதிய கனவான்களின் காபரே’யில் யெரெமி ப்ஷிபோரா எழுத, யெஜி வசோவ்ஸ்கி இசையமைப்பார். அதில் ‘ஷூயா’ என்று ஒரு பாட்டு. ஏமாற்றிவிட்டுப் போன அயோக்கியனை ஒருத்தி திட்டித் தீர்க்கிறாள். உச்சரிப்பு அவ்வளவு சுத்தம். திட்டு வாங்கியவன் ஒரு எழுத்தைக்கூட விட்டிருக்க மாட்டான்.

கே: அவரது மிகப் பெரிய வேடம்?

ப: மிகச் சின்னதுதான் மிகப் பெரியது. ‘நாற்பது வயதுக்காரர்’ என்ற டிவி தொடர். 1974ல் எடுக்கத் தொடங்கி 21 அத்தியாயம். இயக்கம் யெஜி க்ரூஸா. ஸ்டெஃபான் கார்வோவ்ஸ்கி என்ற கட்டுமானப் பொறியாளர்தான் நாயகர். வார்சாவையே இடித்துக் கட்டும் அந்த மனிதருக்குத் தன் நடுவயதைத் தாங்கிக் கட்டத் தெரியவில்லை.

இந்தக் கதைக்குள் அடிக்கடி ஒரு அம்மாள் வந்து நிற்பார். ஒவ்வொரு முறையும் வேறு வேலை, வேறு சீருடை. தான் உழைக்கும் பெண், எந்த வேலைக்கும் அஞ்சாதவள் என்று அறிமுகம் செய்துகொள்வார். பாத்திரத்துக்குப் பெயர்கூட வைக்கவில்லை. ‘உழைக்கும் பெண்மணி’, அவ்வளவுதான். உழைக்கும் பெண்ணை அரசு சுவரொட்டியில் வாழ்த்திக்கொண்டிருந்த காலம் அது. வாழ்த்து சுவரில், வேலையும் சமையலும் அவள் தலையில். பார்த்துக்கொண்டிருந்த ஒவ்வொரு வீட்டிலும் அப்படி ஒருத்தி இருந்தாள். அதனால்தான் நாயகரோடு இந்த அம்மாளும் மனதில் தங்கிவிட்டார். 1993ல் தொடரின் அடுத்த பாகம் வந்தபோது, எண்பதைத் தொட்ட வயதில் மறுபடி அதே வேலையில் சேர்ந்தார்!

கே: சில நிமிடம் வந்து போகிறவருக்கு இவ்வளவு பாராட்டு தேவையா?

ப: உப்பு எத்தனை கிலோ போடுவீர்கள்?

கே: அவரது நடிப்பு ரகசியம் என்ன?

ப: முகத்தில் சிரிப்பே கிடையாது. அந்த உழைக்கும் பெண்மணி தான் வேடிக்கையானவள் என்று ஒரு நொடியும் நினைப்பதில்லை. முதுகு நிமிர்ந்து, கடமையே கண்ணாக நிற்கிறாள். காமெடி வசனத்தைத் தானே சிரித்துக்கொண்டு சொல்பவர், நமக்கு வர வேண்டிய சிரிப்பில் பாதியைத் தின்றுவிடுகிறார். இரேனா ஒரு பருக்கைகூட எடுக்கவில்லை.

கே: சினிமா?

ப: உண்டு. போலந்தின் ராணுவச் சட்ட காலத்தைக் கிண்டலடித்த 1991ம் ஆண்டுப் படத்தில் லூசியா சித்தியாக வருவார். ஆனால் அவரது சொந்த வீடு மேடையும் டிவியும்தான்.

கே: கடைசிக் காலம்?

ப: வார்சாவை ஒட்டிய ஸ்கோலிமோவில், மூத்த மேடைக் கலைஞர்களுக்கான இல்லத்தில் கழிந்தது. கலைஞர்களை முதுமையில் தெருவில் விடாத நாட்டுக்கு ஒரு வணக்கம்.

கே: எதிலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

ப: ‘நாற்பது வயதுக்காரர்’. அந்த அம்மாள் வரும்வரை ரிமோட்டைத் தொடாதீர்கள்.