செவ்வாய் வெறுவாய்

செவ்வாயோ வெறுவாயோ என்பார்கள் நம் வீட்டுப் பெரியவர்கள். லண்டனில் இருந்த கடற்படைத் தலைமையகத்தில் பஞ்சாங்கம் பார்க்கும் வழக்கம் இல்லை. இருந்திருந்தால் 1914 செப்டம்பர் 22 அன்று ஒரு கப்பலைக்கூடக் கரையைவிட்டுக் கிளப்பியிருக்க மாட்டார்கள். அன்று செவ்வாய்க்கிழமை. பிரிட்டன் முதல் உலகப் போரில் இறங்கிச் சரியாக ஏழு வாரம். அந்த ஒரே தேதியில் வடகடலிலும் பசிபிக்கிலும் வங்கக் கடலிலும் ஜெர்மன்காரன் வந்து கதவைத் தட்டினான். மூன்று இடத்திலும் தாழ்ப்பாள் போட்டிருந்தது ஒரே ஒரு ஆள்தான்.

முதலில் வடகடல். ஹாலந்துக் கரைக்கு அப்பால் அபூகிர், ஹோக், கிரெஸ்ஸி என்று மூன்று பிரிட்டிஷ் போர்க்கப்பல்கள் ரோந்து போய்க்கொண்டிருந்தன. ஒவ்வொன்றும் 12,000 டன். மூன்றும் காலாவதியானவை. ஓய்வு பெற்று வீட்டில் இருந்தவர்களைக் கூப்பிட்டு ஏற்றியிருந்தார்கள். போதாததற்கு டார்ட்மவுத் கடற்படைக் கல்லூரியிலிருந்து மீசை முளைக்காத பையன்கள் வேறு. கடற்படைக்குள்ளேயே இந்தக் கூட்டத்துக்குத் தூண்டில் புழு என்கிற பொருளில் ஒரு பட்டப்பெயர் உண்டு. சர்ச்சில்தான் அப்போது கடற்படை அமைச்சர். இவற்றை அங்கிருந்து அகற்றிவிடலாம் என்று நான்கு நாள் முன்னால் ஒரு குறிப்பு எழுதினார். குறிப்பு மேஜைக்கு மேஜை நகர்ந்தது, கப்பல்கள் நகரவில்லை.

காவலுக்கு வரவேண்டிய சிறு நாசகாரிக் கப்பல்கள் புயல் காரணமாகத் திரும்பிவிட்டிருந்தன. பெரியவர்கள் மூவரும் வளையாமல் நெளியாமல், பத்து நாட் வேகத்தில், சீர்வரிசை ஏற்றிய மாட்டுவண்டிகள் மாதிரி போனார்கள். எதிரே யூ-9 என்கிற நீர்மூழ்கி. 500 டன்கூடத் தேறாது. ஓடுவது மண்ணெண்ணெயில். தலைவன் ஓட்டோ வெட்டிகன். காலை ஆறரை மணிக்குள் முதல் டார்பிடோ அபூகிர்மேல் பாய்ந்தது. அதன் கேப்டன் டிரம்மண்ட், கண்ணிவெடிதான் என்று முடிவுகட்டி, மற்ற இரண்டையும் உதவிக்குக் கிட்டே வரச் சொன்னார். ஹோக் வந்தது, நின்றது, படகுகளை இறக்கியது. அதற்கு இரண்டு. கிரெஸ்ஸியும் நின்றது. வெட்டிகனிடம் மொத்தம் ஆறு டார்பிடோ இருந்தது. ஆறுக்கும் வேலை கிடைத்தது. ஒன்றரை மணி நேரத்தில் மூன்று கப்பலும் கடலுக்கடியில். செத்தவர்கள் 1,459 பேர். இந்த எண்ணை வைத்து யாராலும் நகைச்சுவை பண்ண முடியாது.

ஆனால் விக்கம்-மஸ்கிரேவ் என்கிற பதினைந்து வயதுப் பையனைச் சொல்லாமல் இருக்க முடியாது. அபூகிரிலிருந்து குதித்து ஹோக்கை நோக்கி நீந்தினான். ஏறும்போது அது அடிபட்டது. கிரெஸ்ஸிக்கு நீந்தினான். அதுவும் போயிற்று. கடைசியில் பிடித்தது ஒரு மரத்துண்டு. பேரரசின் கடற்படையில் அன்று மிதந்தது அதுதான். பையன் பிழைத்தான்.

அடுத்து பசிபிக். தாஹித்தித் தீவில் பப்பீத்தே துறைமுகம், பிரெஞ்சுக்காரர்கள் இடம். ஜெர்மன் தளபதி ஃபான் ஸ்பே, ஷார்ன்ஹார்ஸ்ட், நைசனாவ் என்னும் இரண்டு பெரிய கப்பல்களோடு வந்தார். காரணம் எளிது: நிலக்கரி. அங்கே ஆயிரக்கணக்கான டன் குவிந்து கிடந்தது. காவலுக்கு டெஸ்த்ரெமோ என்கிற கடற்படை அதிகாரி. கையில் ஸெலே என்று ஒரு நோஞ்சான் பீரங்கிப் படகு. மனிதர் படகின் பீரங்கிகளைக் கழற்றி முன்பே கரைக்கு ஏற்றிவிட்டார். துறைமுகத்துக்குள் வழிகாட்டும் அடையாளங்களை எடுத்தார். நிலக்கரிக்குத் தீ வைத்தார். சொந்தப் படகையும் மூழ்கடித்தார். கோபத்தில் ஜெர்மன்காரர்கள் சுட்டதில் கடைத்தெரு எரிந்தது, இரண்டு பேர் இறந்தார்கள். ஒரு கூடை கரிகூட அவர்களுக்குக் கிடைக்கவில்லை. அந்தச் செவ்வாயன்று உருப்படியாக வேலை செய்த ஒரே காவலாளி இவர்தான். ஆகவே விசாரணைக்குப் பிரான்ஸுக்குத் திரும்ப அழைத்தார்கள். 1915இல் இறந்துபோனார். கௌரவம் அதற்கப்புறம் வந்தது. அரசாங்கம் எந்த ஊரில் இருந்தாலும் அரசாங்கம்தான்.

பப்பீத்தேயில் காலை என்றால் மதராஸில் அதே தேதி இரவு. ஸ்பேயின் அணியிலிருந்து ஆகஸ்டில் பிரிந்து வந்த எம்டன் ஒன்பதரை மணி வாக்கில் நம் கடலோரம் வந்து நின்றது. தலைவர் கார்ல் ஃபான் முல்லர். மூன்று புகைபோக்கி உள்ள கப்பலில் போலியாக நாலாவதைக் கட்டி, பிரிட்டிஷ் கப்பல்போல வேஷம் போட்டுத் திரிந்தவர். இரண்டு வாரமாக வங்கக் கடலில் சரக்குக் கப்பல்களை வரிசையாக மூழ்கடித்துக்கொண்டிருந்தார். அதிகாரிகளுக்கு அது தெரியும். இருந்தும் மதராஸில் தெருவிளக்கு எரிந்தது. உயர் நீதிமன்றக் கோபுர உச்சியில் இருந்த கலங்கரை விளக்கம், வாங்க வாங்க என்று சுற்றிச் சுற்றிக் கூப்பிட்டது. முல்லர் வந்தார். தன் பங்குக்கும் ஒரு விளக்கைப் போட்டு பர்மா ஆயில் கம்பெனியின் தொட்டிகளைப் பார்த்தார். நூற்றுக்கு மேற்பட்ட குண்டுகள், அரை மணி நேரம். சுமார் 3,50,000 காலன் எண்ணெய் எரிந்தது. துறைமுகத்தில் நின்ற ஒரு கப்பலிலும் உயிர்ச்சேதம். கரைப் பீரங்கி யோசித்து முடித்துச் சுட்டபோது எம்டன் கிளம்பியிருந்தது. ஒன்றும் படவில்லை.

மறுநாள் முதல் ஊரே மூட்டை கட்டியது. ரயிலில் இடம் இல்லை. மாமனாருக்கும் கணக்கு வாத்தியாருக்கும் எம்டன் என்று பட்டப்பெயர் வந்த கதை உங்களுக்கே தெரியும், விட்டுவிடுவோம். விடுதலைப் போராளி செண்பகராமன் பிள்ளை அந்தக் கப்பலில் வந்தார் என்று சொல்லாத மேடை இல்லை. அவர் அப்போது சூரிச்சில் சங்கம் அமைத்துக்கொண்டிருந்தார். பிரிட்டிஷாரை அடிக்க ஒரு நம்மாள் கூட இருந்திருக்க வேண்டும் என்ற ஆசை நியாயம்தான். ஆனால் கப்பல் ஆசையில் ஓடுவதில்லை.

எம்டனை நவம்பர் 9 அன்று கோகோஸ் தீவருகே ஆஸ்திரேலியக் கப்பல் சிட்னி முடித்து வைத்தது. ஸ்பே டிசம்பரில் ஃபாக்லாந்தில் மூழ்கினார். வெட்டிகன் அடுத்த மார்ச்சில். எம்டன் குண்டு விழுந்த இடத்தில், உயர் நீதிமன்றச் சுற்றுச்சுவரில், ஒரு கல்வெட்டு இருக்கிறது. வாய்தாவுக்குப் போகிறவர்கள் எட்டிப் பார்க்கலாம். வழக்கு எப்படியும் அன்று முடியப்போவதில்லை.