சொகலோவ் ஐயாவின் கைவண்ணம்

அரசவை மருத்துவர் ஆன்டன் சொகலோவ் ஐயா அவர்களுக்கு வணக்கம்.

‘டிஸ்ஹானர்ட்’ வீடியோ கேம் 2012-இல் வெளிவந்தது. அதை ஆடி முடித்தவர்கள் நாயகன் கார்வோவின் கத்தியைப் பற்றியே பேசுகிறார்கள். உங்களுக்கு ஒரு வாழ்த்து மடல் வாசிக்க ஆளில்லை. அந்தக் குறையைத் தீர்க்கவே இதை எழுதுகிறேன்.

டன்வால் நகரத்தில் உங்கள் கைபடாத தெரு இல்லை. ஊரே திமிங்கில எண்ணெயில் ஓடுகிறது. எலிகள் பரப்பிய கொள்ளைநோயில் வீடுகள் அடைத்துக் கிடக்கின்றன. பிணங்களைத் துணியில் சுற்றித் தெருவோரம் போட்டிருக்கிறார்கள். இயற்கைத் தத்துவக் கழகத்தின் தலைவர் நீங்கள். மருத்துவரும் நீங்களே, பொறியாளரும் நீங்களே, ஓவியரும் நீங்களே. சாகக் கிடக்கும் ஊர் உங்கள் முகத்தைத்தான் பார்த்தது. நீங்களும் சும்மா இருக்கவில்லை. ஒளிச்சுவர் கட்டிக் கொடுத்தீர்கள்.

எவ்வளவு அழகான வேலை! தெருவின் இரு பக்கமும் இரும்புத் தூண்கள், நடுவே மின்னல் திரைபோல நடுங்கும் வெளிச்சம். பக்கத்தில் ஒரு பெட்டி, அதற்குள் பளபளக்கும் எண்ணெய்க் கலன். அனுமதி பெற்ற காவலன் கூட்டாளியிடம் பேசிக்கொண்டே அதற்குள் புகுந்து போவான், ஒரு மயிர்கூடக் கருகாது. அனுமதி இல்லாத எலி ஓடிவந்தால் ஒரு வெடிப்பு, பிறகு தரையில் ஒரு பிடிச் சாம்பல். பசியில் கடக்கப் பார்க்கும் மனிதனுக்கும் அதே சாம்பல்தான். எலிக்கு ஒரு நியாயம், ஏழைக்கு ஒரு நியாயம் என்று பிரித்துப் பார்க்க உங்கள் சுவருக்குத் தெரியாது. அந்தப் பேரரசில் இப்படி ஒரு சமத்துவத்தை வேறு எவரும் சாதித்ததில்லை.

அதன் நேர்மையையும் சொல்ல வேண்டும். அந்தப் பெட்டியைத் திறந்து கம்பிகளை மாற்றி இணைக்க ஒரு கருவி இருக்கிறது. கார்வோ அதைச் செருகி எடுக்கச் சில நொடிகள் போதும். சற்றுமுன் பேசிக்கொண்டே கடந்த அதே காவலன் அதே வழியாகத் திரும்பி வருவான். வந்த இடத்திலேயே சாம்பலாவான். யாரைக் காக்கிறோம், யாரைக் கொல்கிறோம் என்ற கவலை உங்கள் படைப்புக்குக் கிடையாது. வளர்த்தவரின் குணம் அப்படியே வந்திருக்கிறது. மகாராணி ஜெஸமின் இருந்தபோது அவருடைய மருத்துவர் நீங்கள். அவரைக் கொல்ல ஏற்பாடு செய்த ஹைரம் பரோஸ் ஆட்சியில் உட்கார்ந்தபோதும் மருத்துவர் நீங்களே. பதவி ஒருநாள்கூட ஆடவில்லை.

மகாராணி கொலையுண்ட அன்று நீங்கள் அரண்மனையில்தான் இருந்தீர்கள். சதியில் பங்காளியான தலைமைக் கண்காணி காம்பெலை எதிரே வைத்துப் படம் வரைந்துகொண்டிருந்தீர்கள். முகத்தில் விழும் வெளிச்சம், தாடையின் கோணம், உடையின் சிவப்பு எல்லாம் உங்கள் கண்ணில் பட்டன. அவர் மனத்தில் என்ன இருக்கிறது என்று பார்ப்பது ஓவியன் வேலை இல்லை என்று விட்டுவிட்டீர்கள். அவ்வளவு தொழில் ஒழுக்கம்.

அந்த ஒழுக்கத்தின் உச்சம் பாயில் சீமாட்டியின் படம். ஆட்சியாளர் பரோஸின் ரகசியக் காதலி அவள். அவன் ஆட்சிக்கே அவளுடைய பணம்தான் முட்டுக்கொடுக்கிறது. அவளை வரையச் சொன்னார்கள், வரைந்தீர்கள், பின்பக்கமாக. பாயில் வீட்டில் சகோதரிகள் மூவர். அந்த மூவரில் அவள் யார் என்று பின்னால் கேட்டபோது உங்களுக்குத் தெரியவில்லை. ஓர் உயிரை எதிரே நிறுத்தி, அதன் வளைவு நெளிவு ஒன்று விடாமல் துணியில் ஏற்றி, அது யார் என்று கேட்காமலே கூலி வாங்கிக்கொண்டு போக எல்லா ஓவியராலும் முடியாது. உங்களால் முடிந்தது. இந்த ஒரு படத்தைப் பார்த்தால் போதும், ஒளிச்சுவரை வரைந்த கையும் இதுதான் என்று எவரும் சொல்லிவிடுவார்கள்.

உங்கள் மருந்தைப் பற்றிச் சொல்லாவிட்டால் மடல் நிறையாது. ‘சொகலோவ் அமுதம்’ என்று உங்கள் பெயரையே தாங்கி நிற்கிறது. வந்த நோயை அது தீர்க்காது, வராமல் தடுக்கும். பெருந்தனக்காரர் வீடுகளில் அது குறைவில்லாமல் கிடைத்தது. மற்றவர்களுக்குப் பங்கீடு. பாட்டில் தெரு ரவுடிகள் அதைத் திருட்டுத்தனமாகக் காய்ச்சி விற்றார்கள். நோய் பரவிய குப்பங்களுக்குள் போக ஆள் வேண்டுமே என்று நீண்ட இரும்புக் கால்களில் நடக்கும் வீரர்களையும் உண்டாக்கினீர்கள். உயரத்திலிருந்து வெடியம்பு எய்வார்கள். நோயாளியின் மூச்சு அவர்கள்மேல் படாது. மருத்துவர் ஒருவர் நோயாளியிடமிருந்து இவ்வளவு தூரம் விலகிப் போனதாக நான் வேறெங்கும் கேட்டதில்லை.

ஆனால் ஒரு நோயாளியை மட்டும் மிக அருகில் வைத்துக்கொண்டீர்கள். கால்ட்வின் பாலத்தில் உங்கள் வீட்டின் உச்சி, கண்ணாடிக் கூரை போட்ட ஆய்வகம். உள்ளே ஒரு கூண்டு, கூண்டுக்குள் நோய் தொற்றிய ஒரு பெண். அவள் கெஞ்சுவாள். நீங்கள் நிதானம் தவறாமல் அவளுடைய நிலையைக் கவனித்துக்கொண்டிருப்பீர்கள். அவளுக்குப் பெயர் இல்லை. ஆட்டத்தில் அவள் ‘சோதனைக்குரியவள்’ மட்டுமே. ஐயா, அந்த அறைக்குள் நுழைந்து அவள் குரலைக் கேட்டபிறகு உங்கள் மேதைமையில் எனக்கு ஒரு சந்தேகமும் மிஞ்சவில்லை. கேட்டுக்கொண்டே வேலை செய்கிறவர் சாதாரண ஆளாக இருக்க முடியாது.

அதன்பிறகு கார்வோ உங்களைத் தோளில் தூக்கிப்போட்டு, ஆட்சியாளருக்கு எதிரானவர்கள் பதுங்கியிருக்கும் ஹவுண்ட் பிட்ஸ் மதுக்கடைக்குக் கொண்டுவருகிறான். அங்கே நாய்க்கூண்டில் அடைத்தார்கள். கம்பிக்கு வெளியிலிருந்து மட்டுமே கூண்டைக் கண்டவருக்கு அன்று உள்பக்கமும் தெரிந்தது. ஆட்சியாளரின் காதலியைப் பற்றி உங்கள் வாயைத் திறக்க இரண்டு வழி: எலிகளை உள்ளே விடலாம், அல்லது கிங் ஸ்ட்ரீட் பிராந்தி ஒரு புட்டி கொடுக்கலாம். புட்டியே போதும். அரச ரகசியத்துக்கு ஒரு புட்டிக்குமேல் விலை வைக்காத எளிமை எத்தனை பேருக்கு வரும்?

அமானுஷ்யனான அவுட்சைடரைப் பார்க்க நீங்கள் சடங்குகள் செய்தீர்கள், ரத்தமும் சிந்தினீர்கள். அவன் வரவே இல்லை. கார்வோவிடம் வந்தான், கந்தல் உடுத்திய கிழவி ஒருத்தியிடமும் வந்தான். உங்களைப் பார்க்க அவனுக்குச் சுவாரசியமில்லையாம். ரசனை கெட்டவன் என்று விட்டுவிடலாம்.

மாணாக்கர் வகையிலும் உங்களுக்கு நிகரில்லை. ஓவியம் கற்க வந்த டெலிலா உங்கள் தூரிகையைப் பிடித்துப் பழகி, பிறகு ஒரு சிறுமியின் உடலுக்குள் புகுந்துகொள்ளவே படம் வரைந்தாள். இன்னொரு சீடன் கிரின் ஜின்டோஷ் கொல்லும் இயந்திர வீரர்களைச் செய்தான். 2016-இல் வந்த இரண்டாம் பாகத்தில் முதியவரான உங்களைத் தன் இயந்திர மாளிகையில் அடைத்து, மின்சாரம் பாய்ச்சி உங்கள் அறிவைப் பிழிய முயன்றவன் அவன்தான். பாடத்தை ஒரு வரி தவறாமல் கற்றிருக்கிறான்.

ஒன்றை மட்டும் நேராகவே கேட்கிறேன். கார்வோ அதிகம் கொல்லாமல் முடித்த ஆட்டங்களில், நீங்களும் உங்கள் பரம வைரி பியரோ ஜோப்ளினும் ஒரே மேசையில் உட்கார்ந்து அந்த நோய்க்கு மருந்து கண்டுபிடித்துவிடுகிறீர்கள். அதே மூளை, அதே கைகள். இத்தனை நாள் அந்த மேசையில் உட்கார உங்களைத் தடுத்தது எது? சுவர் கட்டும் வேலை முடியவில்லையா?

விளையாடப் போகிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள். கால்ட்வின் பாலத்தில் ஐயாவைத் தூக்குவதற்கு முன் அந்தக் கூண்டைத் திறந்துவிடுங்கள். திறக்காவிட்டாலும் ஆட்டம் அடுத்த கட்டத்துக்குப் போய்விடும், அதனால்தான் சொல்கிறேன்.