பி.ஜி.எம். போட ஆள் வைக்கக் காசில்லை

ஹாலிவுட் இயக்குநர் ஜான் கார்ப்பென்டர் இசையமைப்பாளர் ஆனதற்குக் கலைத்தாகம் காரணமல்ல, காலிப் பை. கிடைத்ததிலேயே மலிவான, வேகமான ஆள் நான்தான் என்று அவரே பெருமையாகச் சொல்லிக்கொள்வார்.

1978-ல் 'ஹாலோவீன்' என்ற திகில் படம் எடுத்தபோது கையிருப்பு சுமார் 3 லட்சம் டாலர். கொலைகாரனின் முகமூடியே கடையில் வாங்கிய 'ஸ்டார் ட்ரெக்' கேப்டன் கிர்க்கின் ரப்பர் முகம்தான், வெள்ளையடித்து ஒப்பேற்றினார்கள். இந்த லட்சணத்தில் நாற்பது வயலினுக்கு எங்கே போவது? இசை சேர்க்காத படத்தை ஃபாக்ஸ் கம்பெனி அதிகாரி ஒருவருக்குப் போட்டுக் காட்டினார். அம்மணி கொஞ்சமும் பயப்படவில்லை. பயமுறுத்திப் பிழைக்க வந்தவனுக்கு இதைவிட வேறு என்ன கேவலம் வேண்டும்!

அப்பா ஹோவர்ட், கென்டக்கியில் இசைப் பேராசிரியர். மகனுக்கோ நோட்டேஷன் எழுதவும் வராது, படிக்கவும் வராது. ஆனால் 13 வயதில் அப்பா பாங்கோவில் தட்டிக் காட்டிய 5/4 தாளம் மட்டும் மண்டையில் ஒட்டியிருந்தது. நம் வித்வான்கள் கண்டம் என்பார்கள். படத்தில் வந்த பிள்ளைகளுக்கு உயிருக்கே கண்டமானது. அதைப் பியானோவில் தட்டி, டான் வைமன் துணையோடு சின்தசைசரில் ஏற்றி, மூன்றே நாளில் மொத்த இசையும் முடிந்தது. டைட்டிலில் 'பௌலிங் கிரீன் ஃபில்ஹார்மானிக் ஆர்க்கெஸ்ட்ரா' என்று கம்பீரமாகப் போட்டார்கள். பௌலிங் கிரீன் அவர் வளர்ந்த ஊர். அப்படியொரு ஆர்க்கெஸ்ட்ரா அங்கே இருந்ததே இல்லை. பிறகு அதே அதிகாரிக்குப் படம் பிரமாதமாகப் பட்டதாம்.

அப்புறம் காசு வந்தது, வம்பும் வந்தது. 1982-ல் யுனிவர்சல் பணத்தில் 'தி திங்'. இப்போது ஆள் வைக்கலாமே! இத்தாலியிலிருந்து சாட்சாத் இசைமேதை எனியோ மோரிக்கோனேவையே அமர்த்தினார். அமர்த்திவிட்டு, சுரங்களைக் கொஞ்சம் குறையுங்கள் என்றாராம். மோரிக்கோனேயிடம்! மகான் பொறுத்துக்கொண்டு குறைத்தார். விளைவு, கார்ப்பென்டரே வாசித்ததுபோல ஓர் இசை. அதற்குப் பரிசாக, ஆண்டின் மோசமான இசை என்று ராஸி விருதுக்குப் பரிந்துரை.

அந்தப் படத்தில் சேராமல் கிடந்த இசைத் துண்டுகளில் சிலவற்றை இயக்குநர் டாரன்டினோ 2015-ல் 'தி ஹேட்ஃபுல் எய்ட்'டில் சேர்த்துக்கொண்டார். டாரன்டினோவின் படத்துக்காக மோரிக்கோனேவுக்கு ஆஸ்கரே கிடைத்தது. கார்ப்பென்டர் அதே 2015-ல் மகன் கோடியையும் டேனியல் டேவிஸையும் கூட்டிக்கொண்டு 'லாஸ்ட் தீம்ஸ்' ஆல்பம் போட்டார். அதில் படமே கிடையாது. அவர் இசையமைத்ததிலேயே செலவு குறைந்த படம் அதுதான்.