மழை வந்தால் அருவி இலவசம்

கேள்வி: நியூசிலாந்தில் மில்ஃபோர்டு சவுண்டுக்கு வழிகாட்டியோடு பத்துப் பேர் வேனில் ஒருநாள் சுற்றுலா போகிறோம். அன்றைக்கு மழை பெய்தால் கட்டிய பணம் வீண்தானே?

பதில்: பெய்யாவிட்டால்தான் நீங்கள் கவலைப்பட வேண்டும்! ஆண்டுக்குச் சுமார் 6,800 மில்லிமீட்டர் மழை கொட்டும் இடம் அது. வெயில் நாளில் போனால் போவென், ஸ்டிர்லிங் என்று இரண்டே நிரந்தர அருவிகள். மழை பிடித்துக்கொண்டாலோ, பாறைச் சுவரெங்கும் நூற்றுக்கணக்கில் திடீர் அருவிகள். தனிக் கட்டணம் கிடையாது. சுற்றுலாப் படகை ஸ்டிர்லிங் அருவிக்கு அடியிலேயே கொண்டுபோவார்கள். அங்கே குடை பிடித்தவரும் பிடிக்காதவரும் ஒன்றுதான்.

ஊர்ப்பெயரை மட்டும் நம்பாதீர்கள். ஆற்றுப் பள்ளத்தில் கடல் புகுந்தால்தான் 'சவுண்டு'. இது பனியாறு குடைந்த பள்ளம். ஆகவே அசல் ஃபியோர்டு. பெயர் வைத்தவர் அவசரப்பட்டுவிட்டார்!

சின்னக் குழுவில் ஒரு சௌகரியம்: கழிப்பறை வரிசை சீக்கிரம் நகரும். ஆனால் போகும் வழியில் ஹோமர் சுரங்கத்தருகே வண்டி நின்றால் உஷார். அங்குள்ள கியா கிளிகளுக்கு ரப்பர் என்றால் உயிர். வழிகாட்டி உங்களை எண்ணட்டும். நீங்கள் வேனின் வைப்பரை எண்ணிக்கொள்ளுங்கள்.