'ஏ' படத்தில் என்ன கதை?

கேள்வி: 'ஏ' சான்றிதழ் என்றாலே வேறு மாதிரிப் படம் என்றிருந்த காலம் போய்விட்டதா? இப்போது குரோம்பேட்டை வெற்றி தியேட்டருக்கு நம்பிப் போனால் கதை சொல்கிறார்களே! – வாசகர், கிழக்குத் தாம்பரம்

பதில்: தமிழில் முதன்முதலாக 'ஏ' வாங்கியதே பேய்க்காட்சிக்காகத்தான்: எம்.ஜி.ஆரின் 'மர்மயோகி', 1951. இடையில் அந்த எழுத்தைச் சுவரொட்டியில் பெரிதாகப் போட்டே பிழைத்தவர்கள் பலர். திருப்பம் 2011இல் வந்த 'ஆரண்ய காண்டம்'. தணிக்கையில் 52 வெட்டு கேட்டார்கள். இயக்குநர் தியாகராஜன் குமாரராஜா அசையவில்லை. ஒரே நாளில் நடக்கும் கதை. நல்லவன் யார் என்று நம் கையைப் பிடித்துக் காட்டாத கதை. வெற்றிமாறனின் 'வட சென்னை' (2018) காலத்தை முன்னும் பின்னும் கலைத்துப் போட்டது. பார்வையாளருக்கு வயது மட்டுமல்ல, மூளையும் வந்துவிட்டது என்று நம்பியவர்கள் இவர்கள். அந்த மரியாதைதான் எனக்குப் பிடித்தது.

'சூப்பர் டீலக்ஸ்' (2019) இன்னும் ஒரு படி மேல். நான்கு பேர் சேர்ந்து எழுதிய திரைக்கதை. திருநங்கையாகத் திரும்பி வரும் அப்பாவை ஊரே முறைக்க, ஒரு கேள்வியும் கேட்காமல் கட்டிக்கொள்கிறான் சிறுவன் ராசுக்குட்டி. படத்திலேயே பக்குவமான ஆள் அவன்தான். அவன் வயதுக்காரர்களைத்தான் தியேட்டர் வாசலில் தடுத்து நிறுத்தினோம்!