கடலில்லா ஊரின் கலங்கரை விளக்கம்: கனவுப் பயணம் குறித்த பூர்வாங்க ஆய்வு

கனவில் வழி தப்புகிறவர்களுக்காகக் கலங்கரை விளக்கங்கள் கட்டிய கண்டுபிடிப்பாளர் ஒருவர் ஹைதராபாத்தில் வாழ்ந்தார் என்பது இக்கட்டுரையின் கருதுகோள். அப்படி ஒருவர் வாழவில்லை என்பது தொடக்கத்திலேயே தெரிந்துவிட்டது. ஆய்வுக்கு அது தடையல்ல, வசதி. இல்லாத ஆளின் வாரிசுகள் மறுப்பு அறிக்கை விட மாட்டார்கள். பிறந்த ஊர் எது என்று இரண்டு மாவட்டங்கள் அடித்துக்கொள்ளாது. இனி அவரை 'நம்மவர்' என்போம். தமிழரா என்று கேட்க வேண்டாம். புகழ் பெற்றால் தமிழர்தான்.

பழந்தமிழ் இலக்கியம் வராத ஆய்வேட்டை எந்த நெறியாளரும் கையில் தொடமாட்டார் என்பதால் அதை முதலில் முடித்துவிடுவோம். சிலப்பதிகாரத்தின் ஆறாவது காதையான கடலாடு காதையில் புகாரின் கலங்கரை விளக்கம் வருகிறது. ஒன்பதாவதான கனாத்திறம் உரைத்த காதையில் கண்ணகி தன் கனவைத் தேவந்தியிடம் சொல்கிறாள்: கணவனோடு வேற்றூர் போனது, அங்கே அவன்மேல் பழி விழுந்தது. விளக்குக்கும் கனவுக்கும் நடுவே இரண்டே காதைகள். மரக்கலங்களுக்காக விடிய விடிய எரிந்த விளக்கு, அதே ஊரில் தூங்கிய பெண்ணுக்குக் கொஞ்சமும் உதவவில்லை. மதுரை எரிந்ததற்குப் பாண்டியனை மட்டும் குற்றம் சொல்கிறோம். புகார்த் துறைமுக நிர்வாகத்தை இன்றுவரை யாரும் விசாரிக்கவில்லை.

நம்மவர் ஏன் ஹைதராபாத்தைத் தேர்ந்தெடுத்தார்? கோல்கொண்டாவின் சரக்கு கப்பலேறிய மசூலிப்பட்டினம் அங்கிருந்து 300 கிலோமீட்டருக்கு மேல். நகரமோ கடல் மட்டத்துக்கு மேல் சுமார் 500 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. கடல் மனம் வைத்தாலும் ஏறி வர முடியாது. ஆனாலும் 1591இல் முகம்மது குலி குதுப் ஷா எழுப்பிய சார்மினார், 1977இல் திறக்கப்பட்ட நம் மெரினா கலங்கரை விளக்கத்தைவிட உயரமானது. கொள்ளைநோய் நீங்கியதன் நினைவாகக் கட்டியது என்று வழிகாட்டிகள் சொல்வார்கள். இருக்கட்டும். நினைவுச் சின்னத்துக்கு ஒரு கோபுரம் போதாதா, நான்கு எதற்கு? கப்பல் கடல் பக்கமிருந்துதான் வரும். கனவு எந்தப் பக்கமிருந்து வரும் என்று யாருக்குத் தெரியும்? 1889இல் நான்கு திசைக்கும் நான்கு கடிகாரம் வைத்ததையும் இக்கருதுகோளுக்கு ஆதரவாகவே கொள்கிறோம். எதிரான சான்றுகளை இடமின்மையால் விட்டுவிடுகிறோம்.

ஒவ்வொரு கலங்கரை விளக்கத்துக்கும் தனக்கென்று ஒரு மினுக்கல் கணக்கு உண்டு. இத்தனை விநாடிக்கு இத்தனை மின்னல் என்று எண்ணித்தான் மாலுமி தான் எந்தக் கரையோரம் இருக்கிறோம் என்று தெரிந்துகொள்கிறார். 1823இல் பிரான்சின் கோர்துவான் விளக்கத்தில் ஃப்ரெனெல் தன் வில்லையைப் பொருத்திய பிறகு ஒளி வெகுதூரம் போகத் தொடங்கியது. நம்மவர் அந்த மினுக்கல் கணக்கைக் கனவுக்கு மாற்றினார். வேலைக்குச் சேர்ந்து இருபது வருடம் ஆனவரும் கணக்குப் பரீட்சைக்குத் தாமதமாக ஓடும் கனவுக்கு, பத்து விநாடிக்கு இரண்டு மின்னல். பல் உதிரும் கனவுக்கு ஒன்று. செத்துப்போன மாமா வந்து கடனைத் திருப்பிக் கேட்கும் கனவுக்கு விளக்கை அணைத்துவிட வேண்டும். கரை இருக்கும் இடம் மாமாவுக்குத் தெரியக் கூடாது.

சிரிப்பவர்கள் இங்கே சற்று நிறுத்தவும். 1975இல் இங்கிலாந்தின் ஹல் பல்கலைக்கழகத்தில் கீத் ஹெர்ன் என்பவர், தூங்கிக்கொண்டிருந்த ஒருவர் கனவுக்குள்ளிருந்து அனுப்பிய சைகையைப் பதிவு செய்தார். கனவு காணும்போது உடம்பு அசையாது, விழிகள் மட்டும் அசையும். முன்பே பேசி வைத்தபடி விழியை இடமும் வலமும் ஓட்டி, 'இது கனவென்று எனக்குத் தெரியும்' என்று அவர் செய்தி சொன்னார். பிறகு ஸ்டான்ஃபோர்டில் ஸ்டீபன் லாபெர்ஜ் எதிர்த் திசையிலும் தந்தி அடித்தார். அவர் செய்த கண்மூடியில் விழியசைவை உணரும் கருவி இருந்தது. கனவு தொடங்கியதும் உள்ளே சிவப்பு விளக்கு மினுக்கும். மூடிய இமையைச் சிவப்பு நன்றாகவே ஊடுருவும். நோவாட்ரீமர் என்ற பெயரில் அது கடைக்கும் வந்தது. ஆக, கனவுக்குள் கலங்கரை விளக்கம் நிஜமாகவே எரிந்திருக்கிறது.

கோளாறு எங்கே என்றால், கனவு அந்த வெளிச்சத்தையும் கதைக்குள் இழுத்துக்கொள்ளும். தூங்குகிறவருக்கு அது ஆம்புலன்ஸ் விளக்காகவோ காலை வெயிலாகவோ தெரியும். ஹைதராபாத்தின் பஞ்சாகுட்டாவில் வண்டி ஓட்டிப் பழகியவர் கனவில் சிவப்பைக் கண்டால் சிக்னல் என்றுதான் நினைப்பார். நினைத்துவிட்டு நிற்காமல் போய்விடுவார். நடுக்கடலில் எந்த மாலுமியும் விளக்கத்தோடு வாதாடுவதில்லை. தூங்குகிறவர்தான் வாதாடுகிறார். நம்மவருடைய திட்டத்தின் பலவீனம் விளக்கில் இல்லை, பயணியிடம் இருக்கிறது. (ராமானுஜனுக்குக் கனவில் சூத்திரங்களைக் காட்டியது நாமகிரித் தாயார் என்று சொல்வார்கள். அங்கே கருவியும் இல்லை, வாதமும் இல்லை.)

கள ஆய்வுக்குச் சார்மினார் எக்ஸ்பிரஸே தகுந்த இடம். மாலையில் சென்னையிலிருந்து கிளம்பி மறுநாள் காலை ஹைதராபாத் போய்ச் சேரும் அந்த வண்டியில் ஒரு பெட்டி நிறையக் கனவுகள். இரவு முழுக்க எரிவது நீல விளக்கு. உடம்பின் கடிகாரத்தை உசுப்பிவிடுவதில் நீலத்துக்கே முதலிடம், 480 நானோமீட்டர் பக்கம் என்று விழித்திரை ஆய்வாளர்கள் சொல்கிறார்கள். மங்கல் என்பதால் பிழைத்தோம். இறங்க வேண்டியவரை எழுப்பிவிட 139 எண்ணில் ஏற்பாடு உண்டு. மேற்கு மாரேட்பள்ளிக்கோ பத்மாராவ் நகருக்கோ போகும் தமிழர்கள் செகந்திராபாத்தில் இறங்கியாக வேண்டும். அவர்களுக்கு அது தேவை. நாம்பள்ளிக்குப் போகிறவருக்கு எதுவும் வேண்டாம். அங்கே தண்டவாளமே முடிந்துவிடுகிறது. உலகில் இதைவிட மலிவான கலங்கரை விளக்கம் இல்லை.

எஞ்சியிருப்பது நிதி. கலங்கரை விளக்கங்களுக்கான 1927ஆம் ஆண்டுச் சட்டம் போய், 2021இல் புதுச் சட்டம் வந்திருக்கிறது. இரண்டிலும் கப்பல்களிடம் கட்டணம் வாங்க வழியுண்டு. கப்பலின் டன் அளவைப் பார்த்துக் கணக்கிடுவார்கள். கனவை எடை போட முடியாது. வேண்டுமானால் குறட்டையை அளவாகக் கொள்ளலாம். அப்படியானால் நடு பெர்த்காரர்தான் பெரிய கப்பல். ஆனால் கட்டணம் கேட்டு அவரை எழுப்பினால் கனவு கலைந்துவிடும். கனவு கலைந்தவர் பயணி அல்ல, பயணி அல்லாதவரிடம் வசூலிக்கச் சட்டத்தில் இடமில்லை. எழுப்பாமல் விட்டால் ரசீதில் கையெழுத்துப் போட ஆள் இல்லை. தணிக்கைத் துறையின் கருத்துக்காகக் கோப்பு காத்திருக்கிறது.