பூட்டிக்கிட ஒரு டிக்கெட்டு

மாப்ள, நீ சிங்கப்பூர் கெளம்புற லிஸ்ட்ட உங்க அத்தை காட்டுனா. மெர்லயன் சிலைக்கு இருபது நிமிசம், சென்டோசாவுக்கு அரை நாளு, தேக்காவுக்கு மத்தியானச் சாப்பாட்டு நேரம் மட்டும். அதுக்கு நடுவுல ‘எஸ்கேப் ரூம்’னு ஒம் மக பச்ச மையில எழுதி, அடியில ரெண்டு கோடும் போட்டிருக்கு. அத நீ பென்சிலால அடிச்சு வச்சிருக்க. அடிக்காத. லிஸ்ட்டுலயே உருப்படியானது அது ஒண்ணுதான். மத்த எடத்துல எல்லாம் வாசல்ல நின்னு போட்டோ புடிச்சிட்டு பஸ்ஸுல ஏறிருவ. இங்க ஒரு மணி நேரத்துக்குக் கதவச் சாத்திருவாய்ங்க. போனையும் வாங்கி லாக்கர்ல வச்சிருவாய்ங்க. குடும்பத்துல நாலு பேரும் ஒருத்தர் மூஞ்சிய ஒருத்தர் பாத்துத்தான் ஆகணும். கல்யாணமானதுல இருந்து ஒனக்கு அப்பிடி ஒரு மணி நேரம் வாச்சிருக்கா?

சங்கதி என்னன்னா, உள்ள விட்டு ஏதாச்சும் ஒரு கதை சொல்லுவாய்ங்க. நகை திருடு போச்சு, விஞ்ஞானி செத்துப் போனாரு, மந்திரவாதி வரப்போறான், இந்த மாதிரி. சுவத்துக் கடிகாரம் அறுபது நிமிசத்துல இருந்து கீழ எறங்கும். மேசை டிராயரு, அலமாரி, பழைய டெலிபோனு எல்லாத்துலயும் துப்பு ஒளிச்சு வச்சிருக்கும். நம்பர் பூட்டு இருக்கும். ஊதா லைட்டு அடிச்சாத்தான் தெரியுற எழுத்து இருக்கும். காந்தத்தக் கொண்டுபோயி சரியான எடத்துல வச்சாத் தொறக்குற பெட்டி இருக்கும். ஒண்ணுக்குள்ள இருந்து ஒண்ண எடுத்து, கடைசிக் கதவத் தொறந்து வெளிய வரணும். ஆளுக்கு இருபத்தஞ்சு முப்பது வெள்ளி ஆகும். அங்க டாலருக்கு வெள்ளின்னுதான் நம்மாளுக சொல்லுவாய்ங்க. அத நம்ம ரூவாயில பெருக்கிப் பாக்காத. பெருக்குனா அந்த ஊருல ஒரு காப்பி கூடக் குடிக்க மாட்ட.

இத மொதல்ல ஆரம்பிச்சது ஜப்பான்காரரு. கியோட்டோ ஊருல, 2007ல, தக்காவோ காட்டோன்னு ஒருத்தரு. ஸ்கிராப்னு அவரு கம்பெனிக்குப் பேரு. கம்ப்யூட்டர்ல ரூமுக்குள்ள மாட்டிக்கிட்டு வெளிய வர்ற வெளாட்டு அதுக்கு முன்னாடியே உண்டு. இவரு அத நெசமான ரூமுக்குள்ள கொண்டாந்தாரு. அஞ்சாறு வருசத்துக்குள்ள அது சிங்கப்பூருக்கும் வந்துருச்சு. எனக்கு இதுல ஒரு மனத்தாங்கல் உண்டு. நாம திண்டுக்கல்காரய்ங்க. மாங்காப் பூட்டு செஞ்ச ஊரு. சாவித் துவாரம் எங்க இருக்குன்னே தெரியாத பூட்டு, சாவியத் திருப்புனாக் கணீர்னு மணியடிக்கிற பூட்டு, எல்லாம் நம்மாளுக கையால ராவுனது. 2019ல புவிசார் குறியீடும் குடுத்தாய்ங்க. இம்புட்டு பூட்டச் செஞ்சுட்டு, அடுத்தவன் உள்ள வரக்கூடாதுன்னு மட்டும்தான் நமக்கு யோசனை போச்சு. காச வாங்கிக்கிட்டு ஆள உள்ள விட்டுப் பூட்டலாங்கிறது ஒருத்தனுக்கும் தோணல பாரு!

எங்கள சிங்கப்பூர்ல எஸ்கேப் ரூமுக்குக் கூட்டிட்டுப் போனது பேத்தியும் அவ புருசனும். ரெண்டும் பெரிய படிப்பு. உள்ள போனதும் அந்தத் தம்பி ஒரு பூட்டப் புடிச்சவரு விடவேயில்ல. நம்பரத் திருப்புறாரு, இழுக்குறாரு, திரும்பத் திருப்புறாரு. பேத்தி சுவத்துக் காலண்டர்ல என்னமோ கண்டுபிடிச்சு, வாய்க்குள்ளயே கணக்குப் போடுது. ரெண்டுக்கும் பேச்சுவார்த்தையே கெடையாது. நான் பொத்தான் வச்ச கதவுக்கிட்டப் போயி நின்னேன். பத்துப் பொத்தான் இருக்கு. அதுல நாலு மட்டும் அழுக்கில்லாம தேஞ்சு பளபளன்னு கெடக்கு. எத்தன பேரு வெரலு பட்டதோ! அந்த நாலு நம்பர முன்னப் பின்ன மாத்தி அழுத்திக்கிட்டே இருந்தேன், தொறந்துக்கிருச்சு. “தாத்தா, எப்புடிக் கண்டுபிடிச்சீங்க?”ன்னு ரெண்டும் வாயப் பொளந்துச்சுக. “கணக்குதேன்”னு சொல்லிட்டேன். நீயும் அப்பிடியே சொல்லு.

இன்னொண்ணு. மூலையில கேமரா இருக்கும். வெளிய ஒரு சின்னப் பிள்ள ஒக்காந்து நம்மளயே பாத்துக்கிட்டு இருக்கும். நாம ரொம்பத் திணறுனா வாக்கிடாக்கியில துப்பு சொல்லும். சில எடத்துல இத்தன துப்புதான்னு கணக்கு வச்சிருப்பாய்ங்க. கணக்கு தீந்துருச்சேன்னு கவலப்படாத. ஒரு நாற்காலியப் பாத்து மெதுவா ஒக்காரு. நெஞ்ச லேசாத் தடவு. கேமராவ நிமிந்து பாரு. துப்பு தானா வரும். ஒனக்கு அம்பது வயசு ஆயிருச்சுல்ல, நல்லா வரும்.

ஆனா மாப்ள, ஒனக்கு உள்ள இருக்குற சிக்கலே வேற. பங்காளிக்குத் தெரியாமப் பத்திரத்த நெல்லுக் குதிருக்குள்ள ஒளிச்சு வச்ச வம்சம் நீ. சாவி கையில ஆப்டா மொதல்ல மடியிலதான் சொருகுவ. அந்த ரூம்ல கெடச்சத சத்தம் போட்டுச் சொன்னவன்தான் வெளிய வருவான். ஒருத்தன் கையில பூட்டு, இன்னொருத்தன் மடியில சாவின்னு நின்னா, அறுபது நிமிசமும் அப்பிடியே போயிரும். அதனால ஒம் மகள முன்னாடி விட்டுட்டு, நீ அது சொல்றதத் தொறந்து மூடுற வேலைய மட்டும் பாரு. ‘தொடாதே’ன்னு ஸ்டிக்கர் ஒட்டுனத நீ கட்டாயம் தொடுவ, தெரியும். பிளக் பாயிண்ட்ட மட்டும் கழட்டிறாத. அதுக்குள்ள துப்பு இருக்காது, கரண்டுதான் இருக்கும்.

உள்ள போறப்பவே அவசரத்துக்கு வெளிய வர்ற வழி எதுன்னு கேட்டுக்க. இதுல வெளாட்டு வேணாம். போலந்துல கோசாலின்னு ஒரு ஊரு. 2019 ஜனவரியில இப்பிடி ஒரு ரூம்ல தீப்புடிச்சு, பதினஞ்சு வயசுப் பிள்ளைக அஞ்சு பேரு வெளிய வர முடியாமச் செத்துப் போச்சுக. கேட்டா யாரும் ஒன்னயப் பட்டிக்காட்டான்னு நெனைக்க மாட்டாய்ங்க. நெனைச்சா நெனைச்சிட்டுப் போறாய்ங்க.

சரி, ரூமுக்கு சாயங்காலம் டிக்கெட்டு போடு. காலையில பிராஸ் பாசா ரோட்டுப் பக்கம் ஒரு நடை நட. அதுதான் நம்மாளுகளுக்கு ஓசியிலயே ரூமு குடுத்த எடம். வெள்ளைக்காரன் சுமத்ராவுல இருந்த பென்கூலன டச்சுக்காரன் கையில குடுத்துட்டு, அங்க வச்சிருந்த இந்தியக் கைதிகள 1825ல சிங்கப்பூர்ல கொண்டாந்து எறக்குனான். மெட்ராஸ் பக்கத்துல இருந்தும் வங்காளத்துல இருந்தும் கடல் கடத்துன ஆளுக. அவிங்க கையாலயே அவிங்களுக்கு ஜெயிலு கட்ட வச்சான். காவலுக்கு ஆளு வேணுமே? சம்பளம் குடுத்து வெளிய இருந்து ஆளு கொண்டாந்தாக் கட்டுபடியாகாது. ஒழுங்கா நடந்துக்கிட்ட கைதிக்கே பதவி குடுத்து மத்த கைதிக்குக் காவலா வச்சுட்டான். மேக்நாயர்னு அந்த ஜெயில நடத்துன அதிகாரி, கைதிகளுக்குக் கைதிகளே காவல்னு தலைப்பு வச்சு 1899ல ஒரு புத்தகமே போட்டிருக்காரு. பூட்டுக்கு அந்தப் பக்கமும் நாம, இந்தப் பக்கமும் நாம. அந்தக் காலத்து வெள்ளைக்காரன் மூளையப் பாரு, டிக்கெட்டு மட்டும்தான் வாங்கல.

அந்தக் கைதிக கட்டுனதுதான் செயிண்ட் ஆண்ட்ரூஸ் தேவாலயம். 1856ல ஆரம்பிச்சு, 1861ல உள்ள பூசை நடந்துச்சு. அதோட சுவத்துப் பூச்சு என்னன்னு நெனைக்கிற? கிளிஞ்சல் சுண்ணாம்பு, முட்டை வெள்ளக்கரு, நாட்டுச் சக்கரை. இத எல்லாம் இடிச்சுக் கொழைச்சு, தேங்கா மட்டை ஊறுன தண்ணியில கலக்கிப் பூசி, காஞ்சதும் கல்ல வச்சுத் தேய் தேய்னு தேச்சு மினுக்குனது. காரைக்குடிப் பக்கம் கல்யாணத்துக்குப் போனா, சாப்புட்டு முடிச்சு சுவத்துல சாஞ்சதும் முதுகு சில்லுன்னு இருக்குமே, அதே பக்குவம். ஜனாதிபதியோட இஸ்தானா மாளிகை, 1869ல முடிஞ்சது, அதுவும் அவிங்க வேலைதான். நீ சாப்புடப் போற தேக்கா இருக்குற சிராங்கூன் ரோட்டுலதான் அவிங்க செங்கச் சூளையும் இருந்துச்சு. 1873ல இந்தக் கைதி ஏற்பாட்ட மூடிட்டாய்ங்க. சிலைக்கு இருபது நிமிசம் ஒதுக்கியிருக்கியே, அதுல பத்து நிமிசத்த இங்கிட்டு மாத்து.

அப்புறம் ஞாயித்துக்கிழமை தேக்காவுல, கூலி வேலைக்கு வந்த நம்ம பயலுகள கூட்டங் கூட்டமாப் பாப்ப. 2020 ஏப்ரல்ல கொரோனா வந்தப்ப அவிங்க தங்கியிருந்த விடுதிகளச் சாத்துனாய்ங்க. மூணு லட்சத்துக்கும் மேல ஆளுக. ஒரு ரூமுக்கு பத்துப் பன்னண்டு பேரு, மாசக்கணக்குல. சுவத்துல எறங்குற கடிகாரம் கெடையாது. அவிங்கள்ல ஒருத்தனக் கண்டா எஸ்கேப் ரூமுக்குப் போறோம்னு பெருமையாச் சொல்லிக்கிட்டு நிக்காத. டீ வாங்கிக் குடு, ஊரு எதுன்னு கேளு.

கேம்பல் லேன்ல இந்திய மரபுடைமை நிலையம்னு ஒண்ணு இருக்கு, 2015ல தொறந்தது. அங்க ஒரு செட்டிநாட்டு நெலக்கதவு நிக்குது. அஞ்சாயிரம் குட்டிக் குட்டி உருவம் செதுக்கியிருக்கு. எண்ணிப் பாக்கச் சொல்லி மகன அங்க நிறுத்திட்டா, நீயும் ஒம் பொண்டாட்டியும் நிம்மதியா ஒரு சுத்து சுத்தலாம். நேரம் மிஞ்சுனா ஃபோர்ட் கேனிங் மேட்டுக்குப் போ. மண்ணுக்குக் கீழ ஒரு பதுங்கு அறை. 1942 பிப்ரவரி 15 காலையில வெள்ளைக்காரப் படைக்குத் தலைவரா இருந்த பெர்சிவல் துரையும் தளபதிகளும் அதுக்குள்ள ஒக்காந்து, தண்ணியும் கொறையுது, பெட்ரோலும் கொறையுதுன்னு சொல்லி, ஜப்பான்காரன்ட்ட சரணடையிறதுன்னு முடிவெடுத்தாய்ங்க. நெஞ்சத் தடவுனா துப்பு குடுக்க அன்னிக்கு வெளிய ஆளு இல்ல.

ஒரே ஒரு எச்சரிக்கை. பெட்டியில பொகையிலைய ஒளிச்சு வைக்காத. மெல்லுற பொகையிலைக்கு அந்த ஊருல தடை. அத வச்சிருந்தா அரசாங்கமே ஒனக்கு ரூமு போட்டுக் குடுத்துரும். முஸ்தபா கடைக்கு மட்டும் கடைசி நாள் ராத்திரி போ. கோடாலித் தைலம் வாங்க ஒரு வாசல்ல போயி, நகை, அரிசி, மாத்திரை, சூட்கேசுன்னு சுத்தி, எந்தத் தெருவுல வெளிய வருவன்னு ஒனக்கே தெரியாது. வாங்குன பையோட வாயையும் பிளாஸ்டிக் வாரு போட்டுக் கட்டி விட்டுருவாய்ங்க. இதுக்கு டிக்கெட்டு கெடையாது, ஆனா செலவு எஸ்கேப் ரூமவிட ஜாஸ்தி.

எஸ்கேப் ரூம்ல கடைசியா ஒரு போட்டோ புடிப்பாய்ங்க. ஜெயிச்சா ஜெயிச்ச பலகை, தோத்தா தோத்த பலகை, நெஞ்சுக்கு நேரா புடிச்சிக்கிட்டு வரிசையா நிக்கணும். நீங்க தோப்பீங்க, அது பரவாயில்ல. அந்தப் போட்டோவ மட்டும் குடும்ப வாட்ஸப்புல போட்டுத் தொலைச்சிறாத. உங்க அத்தைக்கு இங்கிலீசு தெரியாது. பலகையும் கையுமா நிக்கிறதப் பாத்தா சிங்கப்பூர் போலீசு புடிச்சிருச்சுன்னு நெனைச்சு, விடியிறதுக்குள்ள கவுன்சிலர் வீட்டு வாசல்ல போயி ஒக்காந்துருவா.